ஆடிக்கூழ் உருண்டையும் பபிள் டீயும்

மருமகள் உண்டாகியிருந்த முதல் மாதங்களில் எங்கள் வெள்ளவத்தை வீட்டுக் குசினியில் தாளிதம் இல்லை. கடுகு வெடிக்கிற சத்தம் கேட்டாலே அந்தப் பிள்ளை வாந்தியெடுக்க எழும்பிக் குளியலறைக்கு ஓடும். வெங்காயம் வதங்கினால் ஓடும். சோறு கொதிக்கிற மணமும் ஆகாது. நான் ஜன்னலைத் திறந்துவிட்டு, குசினிக் கதவைச் சாத்திக்கொண்டு, சோற்றை மட்டும் வடித்து, தயிரும் ஊறுகாயும் போட்டுப் பிசைந்து சாப்பிடுவேன். மகன் வேலைத்தலத்தில் சாப்பிட்டுவிட்டு வருவான். மனைவி காலமான பிறகு அந்தக் குசினி என் கையில்தான் இருந்தது.

என்னைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. சொந்த ஊர் யாழ்ப்பாணம். படிப்பு எட்டாம் வகுப்போடு நின்றது. புறக்கோட்டையில் ஒரு புடவைக் கடையில் துணி அளந்து கிழித்துக் கொடுத்தே காலம் போனது. காலையில் குளித்து, திருநீறு பூசி, பிள்ளையாருக்கு விளக்கேற்றாமல் நான் பச்சைத்தண்ணீர்கூடக் குடிக்கமாட்டேன். வீட்டில் எதைச் சமைத்தாலும் முதல் கரண்டி சுவாமி தட்டுக்குப் போகும். அதற்கு முன் உப்புப் பார்க்கிற வழக்கம் இல்லை. கையில் விட்டு நக்கிப் பார்த்ததை எப்படிச் சுவாமிக்கு வைப்பது? மனைவியும் அப்படித்தான் சமைத்தாள். அவளைப் பார்த்துத்தான் நான் பழகினேன்.

மருமகள் கொட்டாஞ்சேனைப் பெண். கத்தோலிக்கக் குடும்பம். மகன் விரும்பிக் கேட்டான். நான் ஓர் இரவு முழுக்க யோசித்தேன், காலையில் சுவாமி முன் பூ எடுத்து வைத்துப் பார்த்தேன், பிறகு சரி என்றேன். அவர்களுடைய அறைச் சுவரில் ஒரு சிலுவை. கூடத்தில் பிள்ளையார் படம் வைத்த என் சுவாமித் தட்டு. இரண்டும் ஒன்றுக்கொன்று இடைஞ்சல் செய்யவில்லை. ஆனால் மாமனும் மருமகளும் உட்கார்ந்து கதைக்கிற பழக்கம் எங்கள் பக்கத்தில் குறைவு. "சாப்பிட்டீரோ பிள்ளை?" என்று நான் கேட்பேன். "சாப்பிட்டேன் மாமா" என்று அவள் சொல்வாள். அதோடு முடிந்துவிடும். வயிற்றைப் புரட்டுகிற பிள்ளையிடம் என்ன செய்கிறது, எங்கே நோகிறது என்று கேட்கவும் எனக்கு வாய் வராது.

இரண்டு முறை ஆஸ்பத்திரியில் சேலைன் ஏற்றிக்கொண்டு வந்தாள். கன்னம் ஒட்டிப்போனது. வளையல் கையில் நிற்காமல் கழன்று விழுந்ததால் கழற்றி வைத்துவிட்டாள். பிஸ்கட் கொடுத்தால் வெளியே வரும். இளநீர் கொடுத்தால் வரும். நான் இஞ்சி இடித்துக் கொடுத்தேன், அதுவும் வந்தது.

அப்படி இருக்கிறபோதுதான் மகன் ஒருநாள் கொள்ளுப்பிட்டியிலிருந்து ஒரு பெரிய பிளாஸ்டிக் கோப்பையோடு வந்தான். மஞ்சள் நிறத்தில் ஏதோ பழச்சாறு, அடியில் கறுப்புக் கறுப்பாக உருண்டைகள், குத்துவதற்கு விரல் தடிமனில் ஒரு குழாய்.

"என்னடா இது?"

"பபிள் டீ அப்பா. அவள் கேட்டவள்."

"தேத்தண்ணியோ?"

"பேர்தான் தேத்தண்ணி. பழச்சாறு எண்டு வையுங்கோ."

அவள் கட்டிலில் சாய்ந்தபடி மெதுவாக உறிஞ்சினாள். நானும் மகனும் கூடத்தில் இருந்துகொண்டு குளியலறைக் கதவையே பார்த்துக்கொண்டிருந்தோம். கதவு திறபடவில்லை. கடற்கரைப் பக்கத்து ரயில் ஒன்று போனது, பிறகு இன்னொன்று போனது. எட்டிப் பார்த்தால் பிள்ளை நித்திரை. எனக்குக் கையெடுத்துக் கும்பிடவேண்டும் போல இருந்தது.

அடுத்த நாளும் வாங்கி வந்தான். தங்கியது. ஆனால் கிளினிக்கில் டொக்டர் அம்மா விடவில்லை. கடைச் சாயமும் சிரப்பும் நாள்தோறும் வேண்டாம், பழமாகப் பார்த்து வீட்டில் செய்து கொடுங்கள், நிறை இன்னும் இறங்கினால் வார்ட்டில் மறித்துவைக்க வேண்டிவரும் என்று சொல்லி அனுப்பினார்.

அன்று பின்னேரமே கொட்டாஞ்சேனையிலிருந்து சம்பந்தி அம்மா போன் எடுத்தார்.

"சம்பந்தி, கோவிச்சுக்காதீங்க. உங்க வீட்டுல ஒரு பொம்பள இல்ல. இந்த நேரத்துல பிள்ளை தாயோட இருக்கணும். ஞாயித்துக்கெழம பூசை முடிஞ்ச கையோட வந்து கூட்டிட்டுப் போறேன்."

"ஓம்" என்றேன். வேறென்ன சொல்வது? அவர் சொன்னது நியாயம். ஆனால் போனை வைத்த பிறகு கூடத்திலேயே இருந்துவிட்டேன். என் கையால் சமைத்தது ஒன்றும் அந்தப் பிள்ளையின் வயிற்றில் தங்கவில்லை. தங்காமலே அனுப்பிவைக்கப் போகிறேன். அவள் வந்த பிறகுதான் அந்த வீட்டில் மாலையில் ஒரு விளக்குக்கு இரண்டு விளக்காக எரிந்தது. அவள் அறையில் முழந்தாளிட்டுச் செபிக்கிற முணுமுணுப்பு என் தேவாரத்துக்கு நடுவில் கேட்கும். அது இல்லாத வீட்டை நினைத்துப் பார்க்க மனம் வரவில்லை.

மேசையில் அவள் குடித்து மிச்சம் வைத்த கோப்பை இருந்தது. அடியில் நாலைந்து உருண்டைகள். சாய்த்துப் பார்த்தேன். கறுப்பு, பளபளப்பு, கொஞ்சம் ஒட்டும் தன்மை. எனக்கு உடனே பிடிபட்டது. அட, இது ஆடிக்கூழ் உருண்டை அல்லவா!

ஆடி முதலாம் நாள் எங்கள் யாழ்ப்பாணப் பக்கத்து வீடுகளில் கூழ் காய்ச்சுவார்கள். தேங்காய்ப்பால், பனங்கட்டி, வறுத்த பயறு, அதற்குள் அரிசிமாவில் பிடித்த குட்டி உருண்டைகள். மனைவி இருந்த காலத்தில் அவள் மாவைக் குழைத்துத் தருவாள், உருட்டுவது என் வேலை. கடையிலிருந்து வந்து, சேர்ட்டைக் கழற்றிவிட்டு, குசினி நிலத்தில் பத்திரிகைத் தாளை விரித்துக்கொண்டு இருந்துவிடுவேன். மகன் சின்னப் பிள்ளையாகப் பக்கத்தில் இருந்து பச்சைமாவைத் தின்று அடி வாங்குவான். அந்த ஆடிப் பின்னேரங்களில் வீடு முழுக்கப் பனங்கட்டி மணக்கும். அவள் போன பிறகு நான் கூழ் காய்ச்சவில்லை. தனியாக இருந்து உருட்ட மனம் வரவில்லை.

இதை நான் செய்வேன் என்று முடிவெடுத்தேன்.

வெள்ளிக்கிழமை காலையில் கோயிலுக்குப் போய்விட்டு வருகிற வழியில் வெள்ளவத்தைச் சந்தைக்குப் போனேன். எப்போதும் பழம் வாங்குகிற சிங்கள அம்மாவிடம் நல்ல அன்னாசி ஒன்றைத் தெரிந்து பைக்குள் போட்டேன். யாருக்கு என்று கேட்டார். மருமகளுக்கு, வயிற்றில் பிள்ளை, சாப்பாடு தங்குவதில்லை என்று எனக்குத் தெரிந்த சிங்களத்தில் சொன்னேன்.

"அன்னாசி எபா! எபா மாத்தயா, எபா!" வேண்டாம் ஐயா வேண்டாம் என்று கத்திக்கொண்டு என் பைக்குள் கையை விட்டு அன்னாசியைத் திருப்பி எடுத்தார். பக்கத்தில் தேசிக்காய் விற்றவரும் தலையில் அடித்துக்கொண்டார். பிள்ளை வயிற்றில் இருக்கும்போது அன்னாசி ஆகாது என்பது சந்தைக்கே தெரிந்திருக்கிறது, எனக்குத் தெரியவில்லை. அந்த அம்மாவே பெஷன்புருட்டும் மாம்பழமும் பார்த்துப் பார்த்து எடுத்துப் போட்டுத் தந்தார்.

வீட்டுக்கு வந்து வேலையைத் தொடங்கினேன். பெஷன்புருட்டை வெட்டி, விதையை வடித்துச் சாறு எடுத்தேன். மாம்பழத்தைக் கடைந்து சேர்த்தேன். பெயர் டீ என்பதற்காக, வெளிறிய பிளேன்டீ கொஞ்சம் ஆறவைத்துக் கலந்தேன். வறுத்த அரிசிமாவைப் பனங்கட்டிப் பாகில் குழைத்து, பழையபடி தாளை விரித்து நிலத்தில் இருந்து உருட்டினேன். கை மறக்கவில்லை. அவித்து எடுத்தபோது பார்க்க நன்றாகவே இருந்தது. ஐஸ் போட்டு, ஒரு சின்னப் பேணியில் முதலில் பிள்ளையாருக்கு வைத்து, தேவாரம் பாடி, கற்பூரம் காட்டினேன். பிறகு பெரிய கோப்பையை மருமகளிடம் கொண்டுபோனேன்.

"பிள்ளை, இதைக் குடிச்சுப் பாரும்."

அவள் என்னையும் கோப்பையையும் மாறி மாறிப் பார்த்தாள். "மாமா செஞ்சீங்களா?"

"ஓம். உம்மட பபிள் டீ."

சாற்றை ஒரு வாய் உறிஞ்சினாள். முகம் தெளிந்தது. அடுத்த வாய்க்கு உருண்டை வந்தது. கடித்தாள். எனக்கே கேட்டது, கடக் என்று. கன்னத்தில் கையை வைத்துக்கொண்டாள்.

"என்ன பிள்ளை?"

உருண்டையைக் கையில் எடுத்து மேசையில் போட்டாள். அது கோலிக்குண்டு மாதிரி உருண்டுபோய் மேசை விளக்கடியில் நின்றது. எனக்கு அப்போதுதான் உறைத்தது. கூழ் சுடச்சுடக் குடிக்கிற சாமான். அரிசிமா உருண்டை ஐஸில் கிடந்தால் கல்லாகிப் போகும். சுவாமிக்கு வைக்கிறதுக்கு முன் வாயில் வைத்துப் பார்க்காததால் எனக்கு அது தெரியவில்லை.

அவள் கூடத்துப் பக்கம் திரும்பிப் பிள்ளையார் படத்தைப் பார்த்தாள்.

"மாமா, அவருக்கும் இதையா குடுத்தீங்க?"

"ஓம்."

"அதான் அவருக்கு ஒரு கொம்பு ஒடஞ்சு போச்சா?"

சொன்னதும் பயந்துபோனாள், நான் கோபிப்பேனோ என்று. எனக்குச் சிரிப்பு அடக்க முடியவில்லை. நான் சிரிக்க அவளும் சிரித்தாள். கண்ணில் தண்ணீர் வரும்வரை, வயிற்றைப் பிடித்துக்கொண்டு. அந்த வீட்டில் அவள் சிரித்து எத்தனையோ நாள் ஆகியிருந்தது. சுவாமியைப் பகிடி பண்ணினதற்கு நான்தான் அவரிடம் மன்னிப்புக் கேட்டேன், ஆனால் சிரித்துக்கொண்டே கேட்டேன்.

பிறகு அவள் போனை எடுத்து ஒரு வீடியோவைக் காட்டினாள்.

"இங்க பாருங்க மாமா. அரிசி மா இல்ல. மரவள்ளி மா. கொதிக்கிற பாகை ஊத்திக் குழைக்கணுமாம்."

"மரவள்ளி மாவோ? அது நம்மட கடையளிலை கிடக்குதே!"

சனிக்கிழமை காலையில், ஒடியல் மா, புழுக்கொடியல் என்று பனங்கிழங்குச் சாமான் விற்கிற, பெருந்தெருவான காலி வீதிக் கடையில் மரவள்ளி மா வாங்கி வந்தேன். பனங்கட்டியைக் கரைத்துக் கொதிக்கவைத்து மாவில் ஊற்றினால், முதலில் பசை மாதிரிக் கையெல்லாம் பிடித்துக்கொண்டது. பிசைந்து பிசைந்துதான் வழிக்கு வந்தது. நிமிர்ந்து பார்த்தால் குசினி வாசலில் மருமகள் நிற்கிறாள். வாரக் கணக்காகக் குசினிப் பக்கமே வராத பிள்ளை.

"மணம் ஆகாதே பிள்ளை?"

"இந்த மணம் பரவாயில்ல மாமா."

ஒரு கதிரையை இழுத்துப் போட்டேன். அவளும் ஒரு பிடி மா எடுத்து உருட்டத் தொடங்கினாள். நான் நிலத்தில், அவள் கதிரையில். நாலைந்து உருண்டை தட்டில் சேர்ந்தது. பிறகு மெல்லக் கேட்டாள்.

"மாமா, மாமி இவர வயித்துல வச்சிருக்கும்போது இப்படித்தான் இருந்தாங்களா?"

"இதைவிட மோசம். பல்லு விளக்கினால் ஓங்காளிச்சுச் சத்தி. என்னைக் கண்டாலும் சத்தி."

"ஏன் உங்களக் கண்டா?"

"கடைப் புதுத்துணி மணமாம். வந்து குளிச்சுப்போட்டுத்தான் கிட்டப் போகலாம்."

சிரித்தாள். பிறகு சிரிப்பு நின்றது. உருட்டின உருண்டையைத் தட்டில் வைக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தாள்.

"நான் ஒண்ணுமே சாப்பிடல தானே. பிள்ளைக்கு ஒண்ணும் ஆகாதே மாமா?"

இதைத்தான் அவள் இத்தனை நாள் ஒருவரிடமும் கேட்காமல் வைத்திருந்திருக்கிறாள். எனக்கு என்ன தெரியும்? டொக்டர் அம்மாவுக்குத் தெரிந்ததில் ஒரு பங்குகூட எனக்குத் தெரியாது. "ஆகாது. அவர் பாத்துக்கொள்ளுவார்" என்றேன். எவர் என்று நானும் சொல்லவில்லை, அவளும் கேட்கவில்லை.

உருண்டைகளைக் கொதிதண்ணீரில் போட்டதும் அடியில் கிடந்து, பிறகு ஒவ்வொன்றாக மிதந்து மேலே வந்தன. வடித்துப் பாகில் ஊறவைத்தோம். மாம்பழச் சாற்றில் போட்டு ஐஸும் போட்டாயிற்று. சுவாமிக்கு வைக்கிற சின்னப் பேணியைக் கையில் எடுத்தேன். எடுத்தபடி நின்றேன். அவள் கதிரையில் இருந்து பார்த்துக்கொண்டிருந்தாள். பசிக்கிற கண். மாதக் கணக்கில் அந்தக் கண்ணில் பசியை நான் கண்டதில்லை. தேவாரம் பாடி, கற்பூரம் காட்டி முடிகிறதுக்குள் அந்தப் பசி போய்விட்டால்?

பேணியை வெறுமனே கீழே வைத்துவிட்டுக் கோப்பையை அவளிடம் கொடுத்தேன்.

"சாமிக்கு வைக்கலையா மாமா?"

"நீர் குடியும். அவர் பொறுப்பார்."

என் வாழ்நாளில் அதுதான் முதல் தடவை. பிழை செய்கிறேன் என்று எனக்குத் தோன்றவில்லை. இப்போதும் தோன்றவில்லை. அவள் உருண்டையை மென்றாள், கண்ணை மூடிக்கொண்டு, அவசரமில்லாமல். கோப்பை முடிந்தது. தங்கியது. பின்னேரம் இன்னொரு கோப்பை, அதுவும் தங்கியது. இரவில் தானாகவே இரண்டு துண்டு பாண் கேட்டு வாங்கிச் சாப்பிட்டாள்.

ஞாயிற்றுக்கிழமை சம்பந்தி அம்மா பூசை முடிந்து, தலையில் போட்ட முக்காட்டுத் துணியை மடித்துக் கைப்பைக்குள் வைத்தபடி படியேறி வந்தார். இன்னொரு பை நிறையச் சாமான். மருமகள் மேசைக்கு முன் இருந்து கோப்பையோடு குடித்துக்கொண்டிருந்தாள். தாய் குனிந்து கோப்பைக்குள் பார்த்தார்.

"ஐயோ, இது என்னடி? தவள முட்டையா?"

"அம்மா! மாமா செஞ்சது. குடிச்சுப் பாருங்க."

ஒரு வாய் குடித்தார். மென்றார். என்னைப் பார்த்தார். மறுபடி குடித்தார். "நல்லாத்தான் இருக்கு சம்பந்தி" என்று சொல்லிப் பாதியைக் குடித்துவிட்டார். மகள் கோப்பையைப் பறித்துக்கொண்டாள்.

பிறகு மருமகள் சொன்னாள். "அம்மா, நான் வரல. இப்ப தங்குது தானே. இங்கயே இருக்கேன்."

எனக்குள் ஏதோ துள்ளியது, பொய் சொல்லக்கூடாது. நான் ஆசைப்பட்டது அதுதானே. ஆனால் சம்பந்தி அம்மாவின் முகத்தைப் பார்த்தேன். "அப்ப சரி, நல்லது தானே" என்று சொல்லிக்கொண்டு அவர் தன்னுடைய பையைக் காலால் மெல்லக் கதிரைக்குக் கீழே தள்ளினார். பை வாய் திறந்திருந்தது. உள்ளே மடித்து வைத்த, புதிதாகத் தைத்த வீட்டுச் சட்டைகள், வயிறு பெருத்தாலும் பிடிக்காதபடி அகலமாக. துணிக்கடையில் காலம் போனவன் நான், வெட்டும் தையலும் பார்த்தால் தெரியும். அது ஓரிரு நாள் வேலை அல்ல. மகள் வரப்போகிறாள் என்று கட்டில் விரித்து, அறை கூட்டி, எத்தனை நாளாகக் காத்திருந்தாரோ. அவருக்கும் வீட்டில் துணை இல்லை. கணவர் போய்ச் சேர்ந்துவிட்டார்.

"பிள்ளை, நீர் அம்மாவோட போய் இரும்" என்றேன்.

மருமகளுக்கு முகம் சிவந்தது. "என்ன மாமா, என்னத் தொரத்துறீங்களா?"

"துரத்தேல்லைப் பிள்ளை. உமக்கு இப்ப தாய் வேணும். எனக்கு அன்னாசி குடுக்கக்கூடாது எண்டும் தெரியேல்லை. சந்தையிலை பேச்சு வாங்கினனான்."

"அன்னாசியா?" என்று சம்பந்தி அம்மா நெஞ்சில் கை வைத்தார். "கடவுளே! குடுத்தீங்களா?"

"இல்லை இல்லை. அந்த மனுசி விடேல்லை."

"அப்ப இந்த உருண்டை?" என்று மருமகள் கேட்டாள். குரல் உடைந்திருந்தது. "அம்மாவுக்கு இது செய்யத் தெரியாதே."

"செய்யிறவன் நான்தானே. கொட்டாஞ்சேனைக்கு பஸ் ஓடுது."

அவள் அழுதுகொண்டுதான் போனாள். நான் மாவையும் பனங்கட்டியையும் ஒரு பையில் கட்டிவைத்துவிட்டு, அன்றிரவு நேரத்தோடு படுத்துவிட்டேன்.

இப்போது மகனும் மருமகளும் வத்தளையில் வீடு எடுத்து இருக்கிறார்கள். பேத்தி பள்ளிக்கூடம் போகிறாள். கடையில் வாங்குகிற பபிள் டீதான் அவளுக்குப் பிடிக்கும், நான் செய்வது பளபளக்கவில்லையாம். போகட்டும். ஆனால் காலி வீதியில் அந்தக் கோப்பைகளை உறிஞ்சிக்கொண்டு போகிற பிள்ளைகளைக் கண்டால், என் மனம் போய் நிற்கிற இடம் கொட்டாஞ்சேனையில் ஒரு சந்துக்குள் இருக்கும் சம்பந்தி அம்மாவின் மாடி வீடு.

அவள் போன மறுநாள், திங்கட்கிழமை காலையில் பையோடு போய் நின்றேன். சம்பந்தி அம்மா கதவைத் திறந்து, குசினியில் ஒரு பக்கத்தை ஒதுக்கித் தந்தார். நான் உருட்டினேன். அவர் மாம்பழம் வெட்டினார். மருமகள் புது வீட்டுச் சட்டையோடு வாசலில் வந்து நின்று, "ரெண்டு பேரும் சண்ட பிடிக்கலையே?" என்று கேட்டாள். "உன் மாமனார் கொட்டுற மாவக் கூட்டி அள்ளுறதுக்கே நேரம் சரி" என்றார் தாய். கோப்பையை வாங்கிக் குடித்தாள். அன்றும் தங்கியது. மறுநாள் தங்கவில்லை. அதற்கு அடுத்த நாள் தங்கியது. அப்படியே ஏறி இறங்கி, கொஞ்சம் கொஞ்சமாகச் சோறும் பருப்பும் தங்கத் தொடங்கியது. கன்னம் பூரித்தது. கழற்றி வைத்த வளையலைப் போட்டுக்கொண்டாள்.

வாந்தி முழுக்க நின்ற பிறகு உருண்டைக்கும் தேவை இருக்கவில்லை. அந்தப் பிள்ளை மீனும் இறாலும் கேட்டுச் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். ஆனாலும் பூசை முடித்துவிட்டு, மாவைப் பையில் எடுத்துக்கொண்டு, நான் கொட்டாஞ்சேனை பஸ் ஏறிப் போய்க்கொண்டேயிருந்தேன். சம்பந்தி அம்மா சைவக்காரனான எனக்கென்று மீன் படாத சட்டி ஒன்றை வேறாக வைத்து, மரக்கறி சமைத்து வைத்திருப்பார். இனி ஏன் வருகிறீர்கள் என்று அந்த வீட்டில் ஒருவரும் என்னைக் கேட்கவில்லை.